பாட்டுக்கு நடுவே பனிப்புயல் செய்தி

இசை வானொலி வெறும் பொழுதுபோக்கு என்றே நானும் எண்ணியிருந்தேன். கனடாவின் மனிடோபா மாகாணத்திலுள்ள அல்டோனா என்ற சிறு நகரின் வானொலியைப் பற்றித் தேடியபோது அந்த எண்ணம் மாறியது.

1957 இல் தொடங்கிய சி.எஃப்.ஏ.எம். நிலையம் 950 கிலோஹேர்ட்ஸ் மத்திய அலையில் ஒலிபரப்பாகிறது. மத்திய அலை நிலத்தை ஒட்டியே பரவும். தட்டையான சமவெளியில் எஃப்.எம். எட்டாத தொலைவுக்கும் போகும். ஆங்காங்கே தனித்திருக்கும் பண்ணைவீடுகளுக்கு அதுவே பொருத்தம். பாட்டுகளுக்கு இடையே தானிய விலையும் வானிலையும் மரண அறிவித்தலும் வரும். பனிப்புயலில் எந்த வீதி மூடப்பட்டது, பாடசாலை உண்டா என்பதையும் அதிலேயே கேட்கலாம்.

இப்போது மின்சாரக் கார்களின் மின் இரைச்சல் மத்திய அலையைக் குழப்புவதால், சில தயாரிப்பாளர்கள் அந்த வசதியையே நீக்கியுள்ளனர். அல்டோனா போன்ற ஊர்களுக்கு அது பாட்டை மட்டும் இழக்கும் விடயமல்ல.