கரிசல் வயலில் ஒரு ஜோடி கொலுசு
(வெயில் விளைச்சல் – 7)

சிலிக்கான் வில்லையில் (செல்) வெயில் பட்டதும் மின்சாரம் எப்படிப் பிறக்கிறது என்று சென்ற வாரம் பார்த்தோம். பிறந்த மின்சாரத்தை வயருக்குக் கொண்டுவந்து சேர்க்கிற வேலை வெள்ளியுடையது. அது எவ்வளவு வெள்ளி என்று ஒரு வயலோரத்திலேயே பார்ப்போம்.

பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களில் மக்காச்சோளமும் பருத்தியும் பெரும்பாலும் வானம் பார்த்த பயிர்கள். கிணறு, போர்வெல் வைத்திருப்பவர்களுக்கு, வேளாண்மைப் பொறியியல் துறை வழியாக பி.எம். குசும் திட்டத்தில் 60 சதவீத மானியத்தில் சோலார் பம்ப்செட் கிடைக்கிறது. 5 குதிரைத்திறன் பம்புக்கு ஏறக்குறைய 4,800 வாட் பேனல் வேண்டும். ஒரு வாட்டுக்குச் சுமார் 10 மில்லிகிராம் வெள்ளி என்று கணக்கிட்டால், வயலோரம் நிற்கும் அந்தப் பேனல்களில் 50 கிராமை ஒட்டி வெள்ளி இருக்கிறது. ஒரு ஜோடி கொலுசின் எடை!

பேனலைக் கிட்டே போய்ப் பாருங்கள். கருநீலப் பரப்பில் தலைமுடியை விட மெல்லிய கோடுகள் நெருக்கமாக ஓடும். வெள்ளித் தூளோடு கண்ணாடித் தூளையும் பிசினையும் குழைத்த பசையை ஸ்கிரீன் பிரிண்டிங் முறையில் அச்சடித்து, 800 டிகிரி அளவுச் சூட்டில் சில நொடிகள் சுடுகிறார்கள். பசையிலுள்ள கண்ணாடி உருகி வில்லையின் மேல்பூச்சை அரிக்க, வெள்ளி சிலிக்கானைத் தொடுகிறது. கோடு தடித்தால் நிழல் விழுந்து வெயில் வீணாகும். மெலிந்தால் மின்சாரம் திணறும்.

செம்பு மலிவாயிற்றே? மின்சாரம் கடத்துவதில் வெள்ளிக்கு அடுத்த இடம் அதற்குத்தான். ஆனால் சூட்டில் சிலிக்கானுக்குள் ஊடுருவி செல்லைக் கெடுத்துவிடும். காற்றுப் பட்டால் களிம்பேறும். நடுவில் நிக்கல் தடுப்பு வைத்துச் செம்பு பூசலாம். அதற்குக் கூடுதல் வேலையும் செலவும் ஆகும். அதனால் வெள்ளியைச் சிக்கனப்படுத்தும் வழியையே தொழிற்சாலைகள் முதலில் பிடித்தன. பதினைந்து ஆண்டுகளுக்கு முன் ஒரு செல்லுக்கு 300 மில்லிகிராமுக்கு மேல் பிடித்த வெள்ளி, இன்று 100-ஐ ஒட்டி வந்துவிட்டது.

ஆனாலும் பேனல்கள் பெருகியதால் மொத்தத் தேவை குறையவில்லை. 2024-ல் உலகம் முழுவதும் சோலாருக்கே சுமார் 6,000 டன் போனது. வெள்ளியில் பெரும்பகுதி ஈயம், துத்தநாகம், செம்புச் சுரங்கங்களின் உபபொருள். ராஜஸ்தானில் இந்துஸ்தான் ஜிங்க் நிறுவனம் எடுப்பதும் அப்படித்தான். அதனால் விலை ஏறியதும் உற்பத்தியைக் கூட்டிவிட முடியாது. 2025 தொடக்கத்தில் சென்னையில் கிராம் 100 ரூபாயை ஒட்டி இருந்த வெள்ளி, அக்டோபரில் 200-ஐத் தாண்டியது.

ஆகவே உடைந்த பேனலை அலுமினியச் சட்டத்தின் எடைக்கு மட்டும் பழைய இரும்புக்கடையில் போட்டுவிடாதீர்கள். 2023 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த மின்னணுக் கழிவு விதிகளுக்குள் சோலார் பேனலும் அடக்கம். பம்ப்செட் கொடுத்த நிறுவனத்திடம் பழையதைத் திரும்ப எடுத்துக்கொள்வீர்களா என்று இப்போதே கேட்டு வையுங்கள். உள்ளே இருக்கும் வெள்ளிக்கும் நீங்கள் காசு கொடுத்திருக்கிறீர்கள்.

(அடுத்த வாரம்: மேகம் மறைத்தால் பம்ப் ஏன் தடுமாறுகிறது?)