உங்களுக்குத் தெரியுமா? விரல் உறைக்குள் சீழ்

விரலை மடக்கும் தசைநாண், உள்ளங்கைப் பக்கமாக ஒரு மெல்லிய உறைக்குள் வழுக்கி ஓடுகிறது. மீன்முள், கருவேல முள், ஊசிமுனை, பூனைப்பல் என எது அந்த உறையைத் துளைத்தாலும் கிருமி உள்ளே புகலாம். பெரும்பாலும் அது ஸ்டஃபைலோகாக்கஸ் ஆரியஸ். உறை மூடியது என்பதால் சீழ் சேரச் சேர அழுத்தம் ஏறி, தசைநாணுக்கு இரத்தம் குறைகிறது. தசைநாண் அழுகலாம், தப்பினாலும் உறையோடு ஒட்டி விரல் விறைத்துப்போகலாம்.

நோயைக் காட்டிக்கொடுப்பவை, சிகாகோ அறுவை மருத்துவர் ஆலன் கனாவெலின் பெயரால் வழங்கும் 4 அறிகுறிகள். விரல் முழுவதும் ஒரே சீராக வீங்கும். சற்று மடங்கியே நிற்கும். உறை செல்லும் வழியெங்கும் தொட்டால் வலிக்கும். நுனியைப் பிடித்து மெல்ல நிமிர்த்தினாலே நோயாளி துடித்துப்போவார். தொடக்கத்தில் நான்கும் சேர்ந்து தென்படாமல் போகலாம். நான்கும் தெரியட்டும் என்று காத்திருப்பது ஆபத்து. எக்ஸ்ரே, உள்ளே தங்கிய உலோகத் துண்டையும் எலும்புச் சேதத்தையும் காட்டும்.

பலருக்குச் சுண்டுவிரல் உறையும் கட்டைவிரல் உறையும் மணிக்கட்டருகே இணைந்திருப்பதால், ஒன்றின் சீழ் மற்றதற்கும் பரவி லாட வடிவில் கையைச் சூழக்கூடும்.

ஆரம்ப நிலையில் வந்தவருக்கு நரம்பூசி வழியே ஆன்டிபயாடிக் செலுத்தி, சிம்பு கட்டி, கையை உயர்த்தி வைத்துக் கண்காணிப்பார்கள். 24 மணி நேரத்துக்குள் அறிகுறிகள் தெளிவாகக் குறையாவிட்டால் அறுவை சிகிச்சைதான்: உறையின் இரு முனைகளிலும் சிறிதாகக் கீறி, நுண்குழாய் வழியே சலைன் செலுத்திக் கழுவுவார்கள். சீழை ஆய்வுக்கு அனுப்பி, முடிவுக்கேற்ப மருந்தை மாற்றுவார்கள். வீக்கம் தணிந்ததும் விரலசைவுப் பயிற்சி தொடங்கும். சர்க்கரை நோயாளிகளுக்கு விரலை இழக்கும் அபாயம் கூடுதல்.