கருப்பை வாய்ப் பரிசோதனை: முடிவு சொல்வது என்ன? முடிவுக்குப் பின் என்ன?

அலிப்பூர் (கொல்கத்தா): அலிப்பூர் என்றதும் தமிழ் வாசகர்களுக்கு நினைவுக்கு வருவது 1908-ஆம் ஆண்டின் வெடிகுண்டு வழக்கு. அந்த வழக்கில் அரவிந்தருக்காக வாதாடி, 1909-இல் அவருக்கு விடுதலை பெற்றுத் தந்தவர் சித்தரஞ்சன் தாஸ். அடுத்த ஆண்டே அரவிந்தர் புதுச்சேரி வந்து சேர்ந்தார். சித்தரஞ்சன் தாஸோ தமது வீட்டையே பெண்களின் நலனுக்கென விட்டுச் சென்றார். அலிப்பூரை ஒட்டிய பவானிப்பூரில் அந்த இடத்தில் எழுந்த சேவா சதனின் தொடர்ச்சியாக உருவானதுதான் இன்றைய சித்தரஞ்சன் தேசியப் புற்றுநோய் நிறுவனம். அதன் புற்றுநோய் மருத்துவமனையை 1950 ஜனவரி 2-ஆம் தேதி திறந்து வைத்தவர் நோபல் பரிசு பெற்ற விஞ்ஞானி ஐரீன் ஜோலியோ-கியூரி.

இதே அலிப்பூர்தான் தெற்கு 24 பர்கனா மாவட்டத்தின் தலைநகரம். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி 81 லட்சத்துக்கும் அதிகமானோர் வாழும் மாவட்டம் இது. சுந்தரவனப் பகுதியின் 13 வட்டாரங்கள் இதற்குள் அடங்கும். ஆட்சியர் அலுவலகம் அலிப்பூரில் இருக்கிறது. மாவட்டத்தின் பெரிய அரசு மருத்துவமனையான எம்.ஆர். பாங்கூர் மருத்துவமனையும் கொல்கத்தாவின் டாலிகஞ்சில்தான் இருக்கிறது. கோசாபா தீவில் வாழும் பெண் ஒருவர் இங்கு வருவதற்குப் படகில் ஆற்றைக் கடந்து, சாலை வழியே கேனிங் சென்று, அங்கிருந்து ரயில் ஏற வேண்டும். ஒரு நாள் கூலியை இழந்துதான் இந்தப் பயணம்.

கருப்பை வாய்ப் புற்றுநோய்ப் பரிசோதனையின் வெற்றியும் தோல்வியும் இந்தத் தொலைவில்தான் முடிவாகின்றன. பரிசோதனைக்காக ஒரு முறை வரும் பெண், "முடிவு இயல்பாக இல்லை, மீண்டும் வாருங்கள்" என்று சொல்லப்படும்போது மறுமுறை வருவாரா என்பதே கேள்வி.

ஆயிரத்தில் இருவர்

உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை வெளியிட்ட மதிப்பீட்டின்படி, 2022-ஆம் ஆண்டில் இந்தியாவில் 1,27,526 பெண்களுக்குப் புதிதாகக் கருப்பை வாய்ப் புற்றுநோய் கண்டறியப்பட்டது; 79,906 பேர் உயிரிழந்தனர். முன்கூட்டியே கண்டறிந்தால் பெரும்பாலும் தடுத்துவிடக்கூடிய நோய் இது.

ஆனால், 2019-21 தேசிய குடும்ப நல ஆய்வு தரும் தகவல் கவலையளிக்கிறது. 30 முதல் 49 வயதுக்குட்பட்ட பெண்களில், வாழ்நாளில் ஒரு முறையேனும் இப்பரிசோதனை செய்துகொண்டவர்கள் நாடு முழுவதும் 1.9 சதவீதம் மட்டுமே. தமிழ்நாட்டில் 9.8 சதவீதம். மேற்கு வங்கத்தில் 0.2 சதவீதம், அதாவது ஆயிரம் பெண்களில் இருவர்.

அச்சம் தரும் சொற்கள்

அந்தச் சிலருக்கும் கையில் கிடைப்பது பெரும்பாலும் ஆங்கிலச் சுருக்கெழுத்துகள் நிறைந்த ஒரு தாள். அதில் 'இயல்புக்கு மாறானது' என்றோ 'பாசிட்டிவ்' என்றோ இருந்தால், புற்றுநோய் வந்துவிட்டது என்றே குடும்பம் முடிவு செய்துவிடுகிறது. இது உண்மையல்ல. இப்பரிசோதனைகள் நோயை உறுதி செய்பவை அல்ல. யாரை மேலும் ஆராய வேண்டும் என்று பிரித்துக் காட்டுபவை மட்டுமே.

இப்போது வழக்கில் உள்ளவை மூன்று பரிசோதனைகள். கருப்பை வாயிலிருந்து செல்களைச் சுரண்டி எடுத்து நுண்ணோக்கியில் பார்ப்பது 'பாப் ஸ்மியர்'. நோய்க்குக் காரணமான ஹெச்.பி.வி. வைரஸ் இருக்கிறதா என்று பார்ப்பது இரண்டாவது. நீர்த்த அசிட்டிக் அமிலத்தைத் தடவி, வெண்மையாக மாறும் இடங்களைக் கண்ணால் பார்ப்பது மூன்றாவது. கிராமப்புறங்களுக்கு ஏற்றது எனக் கருதப்பட்டு, 2016-இல் மத்திய அரசு வெளியிட்ட செயல்முறை வழிகாட்டுதலில் இடம்பெற்றது இந்த மூன்றாவது முறையே. 30 முதல் 65 வயது வரை, ஐந்தாண்டுகளுக்கு ஒரு முறை என்பது அதன் பரிந்துரை.

பாப் ஸ்மியர் அறிக்கையில் 'அழற்சி' என்று இருந்தால் அது புற்றுநோயின் அறிகுறி அல்ல. கிருமித் தொற்று போன்ற காரணங்களால் ஏற்படுவது. 'போதுமான மாதிரி இல்லை' என்றால் சில மாதங்களுக்குள் மீண்டும் எடுக்க வேண்டும் என்று மட்டுமே பொருள். 'ஆஸ்கஸ்' என்பது தெளிவாகச் சொல்ல இயலாத சிறு மாற்றம், ஹெச்.பி.வி. பரிசோதனையோ ஓராண்டுக்குப் பின் மறுபரிசோதனையோ போதுமானது. 'எல்.எஸ்.ஐ.எல்.' என்பது குறைந்த அளவிலான மாற்றம். பெரும்பாலும் தானாகவே மறைந்துவிடும், ஆயினும் கண்காணிப்பு தேவை. 'ஹெச்.எஸ்.ஐ.எல்.' என்பதுதான் காலம் தாழ்த்தக் கூடாத முடிவு. கருப்பை வாயைப் பெரிதாக்கிப் பார்க்கும் கால்போஸ்கோப்பியும், தேவைப்பட்டால் திசுப் பரிசோதனையும் உடனே செய்யப்பட வேண்டும்.

ஹெச்.பி.வி. 'பாசிட்டிவ்' என்ற முடிவு குடும்பங்களில் வேறொரு சிக்கலை எழுப்புகிறது. பாலுறவு வழியாகப் பரவும் வைரஸ் என்பதால் பெண்ணின் ஒழுக்கத்தின் மீது சந்தேகம் விழுகிறது. ஆனால் மணவாழ்வில் உள்ள ஆண், பெண் இருபாலரில் பெரும்பாலோர் வாழ்நாளில் எப்போதாவது இந்த வைரஸைப் பெறுகின்றனர். எப்போது, யாரிடமிருந்து வந்தது என்று எந்தப் பரிசோதனையும் சொல்லாது. பெரும்பாலான தொற்றுகளை இரண்டு ஆண்டுகளுக்குள் உடலே நீக்கிவிடுகிறது. 16, 18 ஆகிய வகைகளே சுமார் 70 சதவீதப் புற்றுநோய்களுக்குக் காரணம் என்பதால், அவை இருந்தால் கால்போஸ்கோப்பி அவசியம். சுந்தரவனத்தில் இறால் குஞ்சு பிடிக்க இடுப்பளவு உப்பு நீரில் மணிக்கணக்கில் நிற்கும் பெண்களுக்கும் இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது: புற்றுநோய்க்கு மூல காரணம் ஆற்று நீரல்ல, வைரஸ்.

நீடித்த தொற்று புற்றுநோயாக மாறப் பொதுவாக 15 முதல் 20 ஆண்டுகள் ஆகும். இடைப்பட்ட காலத்தில் குளிரூட்டியோ, வெப்பம் செலுத்தியோ, மின்கம்பி வளையத்தால் வெட்டியோ பாதிக்கப்பட்ட திசுவை நீக்கிவிடலாம். கருப்பையை எடுக்க வேண்டிய தேவை பெரும்பாலும் இராது. அதேவேளையில், உறவுக்குப் பின்னோ மாதவிடாய் நின்ற பின்னோ ரத்தப்போக்கு ஏற்பட்டால், பரிசோதனை முடிவு இயல்பாக இருந்தாலும் மருத்துவரைப் பார்த்தே ஆக வேண்டும்.

அம்பிளிக்கை காட்டிய வழி

கண்ணால் பார்க்கும் எளிய பரிசோதனை உயிரைக் காக்கும் என்பதற்கு வலுவான சான்று திண்டுக்கல் மாவட்டத்திலிருந்துதான் உலகுக்குக் கிடைத்தது. அம்பிளிக்கை கிறிஸ்தவ மருத்துவ மையத்தை அடிப்படையாகக் கொண்டு 2000-ஆம் ஆண்டில் தொடங்கிய ஆய்வில், பயிற்சி பெற்ற செவிலியர்கள் 31,343 பெண்களைப் பரிசோதித்தனர். அவர்களில் 'பாசிட்டிவ்' எனக் கண்டறியப்பட்டவர்கள் 3,088 பேர். ஏறத்தாழ பத்தில் ஒருவர். புற்றுநோய்க்கு முந்தைய நிலையில் இருந்தவர்கள் 1,874 பேர். அவர்களில் 72 சதவீதத்தினர் சிகிச்சை பெற்றனர். இந்த ஆய்வின் பயனாகக் கருப்பை வாய்ப் புற்றுநோய் மரணங்கள் 35 சதவீதம் குறைந்ததாக 2007-இல் 'லான்செட்' மருத்துவ இதழ் வெளியிட்டது.

செவிலியரும் ஊர்தியும் மருத்துவரும் தயாராக இருந்த ஆய்விலேயே 28 சதவீதத்தினர் சிகிச்சை பெறவில்லை. அப்படியிருக்க, தீவுகளும் ஆறுகளும் நிறைந்த மாவட்டத்தில் தொடர் நடவடிக்கையை ஆளுக்கு ஆள் விட்டுவிட முடியாது.

சொல்லப்படாத முடிவுகள்

முடிவு தெரிந்தும் நடவடிக்கை எடுக்கப்படாவிட்டால் என்ன ஆகும் என்பதற்குத் தலைநகர் தில்லியே சாட்சி. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் குழுமத்தின் கீழ் 1976 முதல் 1988 வரை நடைபெற்ற ஆய்வொன்றில், கருப்பை வாயில் மாற்றங்கள் இருந்த 1,158 பெண்கள் சிகிச்சையின்றிக் கண்காணிக்கப்பட்டனர். 71 பேருக்குப் புற்றுநோய் தோன்றியது. அவர்களில் ஒன்பது பேருக்கு அது ஊடுருவும் நிலையை எட்டியது. 1997-இல் இத்தகவல் வெளியானபோது பெரும் கண்டனம் எழுந்தது. பெண்களின் ஒப்புதல் வாய்மொழியாகப் பெறப்பட்டது என்பதே தரப்பட்ட விளக்கம். நீதிபதி எம்.என். வெங்கடாசலய்யா தலைமையிலான குழு வகுத்த மருத்துவ ஆராய்ச்சி நெறிமுறைகள் 2000-இல் வெளியாயின.

நியூசிலாந்தின் ஆக்லாந்து நகரிலும் இதே கதை நடந்தது. 1987-இல் பத்திரிகைச் செய்தியால் அம்பலமாகி, நீதிபதி கார்ட்ரைட் விசாரணைக்கு வழிவகுத்தது. அங்கு உரிய சிகிச்சை பெறாமல் விடப்பட்ட தீவிர நிலைப் பெண்களில், 30 ஆண்டுகளில் பத்துக்கு மூவர் புற்றுநோய்க்கு ஆளானதாகப் பின்னர் வெளியான ஆய்வு தெரிவித்தது.

கட்டடமும் கணக்கும்

சித்தரஞ்சன் நிறுவனத்தின் இரண்டாவது வளாகம் ராஜர்ஹாட்டில் சுமார் 530 கோடி ரூபாயில் 460 படுக்கைகளுடன் அமைக்கப்பட்டது. 2022 ஜனவரி 7-ஆம் தேதி பிரதமர் நரேந்திர மோடி காணொலி வாயிலாக அதைத் திறந்து வைத்தார். அதே நிகழ்ச்சியில் பேசிய அன்றைய முதல்வர் மம்தா பானர்ஜி, அதை மாநில அரசு முன்பே திறந்துவிட்டது என்றார். கட்டடத்துக்கு உரிமை கோர இரு அரசுகள் இருந்தன. தீவிலிருந்து வந்து, தாளை வாங்கிக்கொண்டு, திரும்பி வராமல் போகும் பெண்ணுக்குப் பொறுப்பேற்க எவரும் போட்டியிடுவதில்லை.

2020 நவம்பரில் உலக சுகாதார நிறுவனம் 2030-க்கான மூன்று இலக்குகளை அறிவித்தது. 90 சதவீதச் சிறுமியருக்குத் தடுப்பூசி. 70 சதவீதப் பெண்களுக்குப் பரிசோதனை. பாதிப்பு கண்டறியப்பட்டவர்களில் 90 சதவீதத்தினருக்குச் சிகிச்சை. முதல் இரண்டையும் பற்றி அதிகம் பேசப்படுகிறது. மூன்றாவது இலக்கே உயிரைக் காப்பது.

சுகாதாரம் மாநிலப் பட்டியலில் இருக்கிறது. புற்றுநோய்த் திட்டத்தின் வழிகாட்டுதலோ தில்லியிலிருந்து வருகிறது. எனவே நாடாளுமன்றத்திலும் சட்டப் பேரவைகளிலும் கேட்கப்பட வேண்டிய கேள்வி, எத்தனை பேருக்குப் பரிசோதனை நடந்தது என்பதோடு நின்றுவிடக் கூடாது. எத்தனை பேருக்கு முடிவு அவர்கள் மொழியில் விளக்கப்பட்டது, அவர்களில் எத்தனை பேர் கால்போஸ்கோப்பிக்கு வந்தனர், வராதவர்களைத் தேடி எந்தச் செவிலியர் சென்றார் என்பவற்றுக்கும் விடை வேண்டும். பரிசோதித்த நாளிலேயே, அதே இடத்திலேயே சிகிச்சையும் அளிக்கும் முறை பலருக்குப் பொருந்தும் என்பதால், இரண்டாவது படகுப் பயணத்தையே தவிர்க்க வழியுண்டு.

கோசாபாவின் பெண்ணுக்குத் தேவை, தாளில் உள்ள சொல்லுக்கு வங்க மொழியில் ஒரு விளக்கமும், அடுத்து எங்கே, எந்த நாளில் வர வேண்டும் என்ற ஒரு வரியும்தான். அந்த ஒரு வரி எழுதப்படாத வரையில், நடந்த பரிசோதனையால் அவருக்கு எந்தப் பயனும் இல்லை.