எரிபொருள் அரசியல் – 9: பூஜ்யம் எனப் பதிவாகும் புகை

இங்கிலாந்தின் வடக்கு யார்க்‌ஷர் பகுதியில், செல்பி என்ற சிறுநகருக்கு அருகே 1970-களில் இயங்கத் தொடங்கிய டிராக்ஸ் அனல்மின் நிலையம், 1986-ல் அதன் ஆறு அலகுகளும் நிறைவடைந்தபோது, ஏறத்தாழ 4,000 மெகாவாட் திறனுடன் பிரிட்டனின் மிகப் பெரிய நிலக்கரி மின் நிலையமாக விளங்கியது. 2013-க்கும் 2018-க்கும் இடையில் அதன் நான்கு அலகுகள் ஒவ்வொன்றாக மரம் எரிக்கும் அலகுகளாக மாற்றப்பட்டன. 2021-ல் அங்கே நிலக்கரியைக் கொண்டு வணிகமுறையில் மின்சாரம் தயாரிப்பது நின்றது. அந்த நிலையத்துக்கு நிலக்கரி அனுப்பிவந்த கெல்லிங்லி சுரங்கம், பிரிட்டனின் கடைசி ஆழ்நிலக்கரிச் சுரங்கம் என்ற அடையாளத்தோடு 2015 டிசம்பரில் மூடப்பட்டது. அதே ஆண்டுகளில் அட்லாண்டிக் கடலுக்கு அப்பால், அமெரிக்காவின் மிசிசிப்பி, லூசியானா மாநிலங்களின் பைன் காடுகளுக்கு நடுவே டிராக்ஸ் நிறுவனம் தனக்கென்று ஆலைகளை எழுப்பிக்கொண்டிருந்தது. கூப்பிடு தூரத்தில் கிடைத்த எரிபொருளைக் கைவிட்டு, சில ஆயிரம் கிலோமீட்டர் கடல் தாண்டி வரும் எரிபொருளுக்கு ஒரு மின் நிலையம் மாறியதையும், அதைப் பசுமை ஆற்றல் என்று அரசே அங்கீகரித்து மானியம் தந்ததையும் புரிந்துகொள்ள, அந்த எரிபொருளின் தன்மையையும் அதற்கு எழுதப்படும் கார்பன் கணக்கையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

அந்த எரிபொருளின் பெயர் மரப் பெல்லட். மரத்தை அரைத்துத் தூளாக்கி, உலர்த்தி, துளைகள் கொண்ட இரும்பு அச்சின் வழியே பெரும் அழுத்தத்தில் பிதுக்கி எடுக்கப்படும், 6 முதல் 8 மில்லிமீட்டர் விட்டமும் விரல்கணு அளவு நீளமும் உள்ள குச்சிகள் இவை. பார்வைக்கு மாட்டுத்தீவனக் கடைகளில் மூட்டைகளில் விற்கும் தீவனக் குச்சிகளைப் போலவே இருக்கும், செய்யும் இயந்திரமும் ஏறத்தாழ அதே வகைதான். இதில் பசை எதுவும் சேர்க்க வேண்டியதில்லை. மரத்தின் நார்களை ஒன்றோடொன்று பிணைத்து நிறுத்தும் லிக்னின் என்ற இயற்கைப் பொருள், அச்சில் எழும் வெப்பத்தில் இளகி, ஆறும்போது இறுகித் துகள்களைச் சேர்த்துப் பிடித்துக்கொள்கிறது. அப்போதுதான் வெட்டிய மரத்தில் எடையில் பாதியளவு தண்ணீர் என்பதால், ஒரு டன் பெல்லட் செய்ய ஏறத்தாழ இரண்டு டன் பச்சை மரம் தேவைப்படுகிறது. ஆனால் ஈரம் பத்து சதவீதத்துக்கும் கீழே இறங்கிவிடுவதால் ஒரு டன் பெல்லட் தரும் வெப்பம், ஒரு டன் பச்சை மரம் தருவதைப் போல் இரு மடங்கு. ஒரே அளவு, ஒரே ஈரம், ஒரே வெப்பம் என்ற இந்தச் சீர்மைதான், ஊருக்கு ஊர் மாறும் விறகைக் கப்பலில் ஏற்றி விற்கக்கூடிய உலகச் சரக்காக மாற்றியது.

ஆனால் இந்தச் சரக்கு நிலக்கரியைப் போல வெட்டவெளியில் கொட்டிவைக்கத் தக்கதன்று. மழை பட்டால் ஊதி மறுபடியும் தூளாகிவிடும். குவியலாகக் கிடந்தால் உள்ளுக்குள்ளேயே சூடேறித் தானாகத் தீப்பிடிக்கும். உரசி உதிரும் தூள் காற்றில் கலந்தால் வெடிக்கும். 2012 பிப்ரவரியில் தேம்ஸ் நதியோரத்தில் டில்பரி மின் நிலையத்தின் பெல்லட் கிடங்கு பற்றியெரிந்ததும், 2017-ல் டெக்சாஸ் மாநிலத்தின் போர்ட் ஆர்தர் துறைமுகத்தில் பெல்லட் சேமிப்புக் கலன் ஒன்று பல வாரங்கள் அணையாமல் புகைந்துகொண்டிருந்ததும் இத்தொழிலில் உள்ளவர்கள் மறக்காத நிகழ்ச்சிகள். கண்ணுக்குத் தெரியாத ஆபத்து இன்னொன்றும் உண்டு: மரத்திலுள்ள கொழுப்பு அமிலங்கள் மெல்ல ஆக்சிஜனோடு வினைபுரிவதால், மூடிய கப்பல் அறைகளில் ஆக்சிஜன் குறைந்து, மணமற்ற நச்சு வாயுவான கார்பன் மோனாக்சைடு நிறைந்துவிடுகிறது, 2006-ல் சுவீடனின் ஹெல்சிங்போரி துறைமுகத்தில் சரக்கு இறக்கும் வேளையில் ஒரு கப்பல் ஊழியர் இதனால் உயிரிழந்தார். டிராக்ஸ் நிலையத்தில் 50 மீட்டர் உயரத்துக்கு நான்கு வெண்ணிறக் குவிமாடங்கள் கட்டப்பட்டு, தீயை அடக்க நைட்ரஜன் செலுத்தும் ஏற்பாட்டுடன் பெல்லட்டுகள் அவற்றுக்குள் வைக்கப்பட்டிருப்பது இக்காரணங்களால்தான்.

தொடக்கத்தில் இது இவ்வளவு பெரிய தொழிலாக இருக்கவில்லை. 1973-ன் எண்ணெய் நெருக்கடிக்குப் பிறகு மர அறுவை மில்களில் மலையாய்க் குவிந்து வீணாகிய மரத்தூளுக்கு ஒரு பயன் தேடிய முயற்சியாகவே வட அமெரிக்காவிலும் சுவீடனிலும் பெல்லட் உருவெடுத்தது. 1991-ல் சுவீடன் கார்பன் வரி விதித்ததும் அந்நாட்டின் ஊர்ப்பொது வெப்பமூட்டும் நிலையங்கள் எண்ணெயை விட்டுப் பெல்லட்டுக்கு நகர்ந்தன. ஆஸ்திரியாவும் ஜெர்மனியும் வீட்டுக் கொதிகலன்களிலும், இத்தாலி லட்சக்கணக்கான கூடத்து அடுப்புகளிலும் அதை ஏற்றுக்கொண்டன. பக்கத்து மில்லின் கழிவு பக்கத்து வீட்டின் குளிரைப் போக்கும் இந்த ஏற்பாட்டில் குறைகாண அதிகம் இல்லை.

திருப்பம் 2009-ல் வந்தது. 2020-க்குள் மொத்த ஆற்றலில் 20 சதவீதம் புதுப்பிக்கத்தக்க மூலங்களிலிருந்து வர வேண்டும் என்று ஐரோப்பிய ஒன்றியம் அந்த ஆண்டில் ஓர் ஆணை பிறப்பித்து, மரத்தையும் அந்தப் பட்டியலில் சேர்த்தது. காற்றாலையும் சூரியத் தகடும் அப்போது இன்றைய விலைக்குக் கிடைக்கவில்லை. இருக்கும் நிலக்கரிக் கொதிகலனில் சில மாற்றங்கள் செய்து பெல்லட்டை எரிப்பதோ இலக்கை எட்டும் குறுக்குவழியாகத் தெரிந்தது. பிரிட்டன், நெதர்லாந்து, பெல்ஜியம், டென்மார்க் ஆகிய நாடுகளின் மின் நிலையங்கள் அந்த வழியில் இறங்கின. அதன் விளைவாக இன்று உலகில் ஆண்டுக்கு நாலரைக் கோடி டன்னை ஒட்டிய பெல்லட் உற்பத்தியாகிறது. டிராக்ஸ் மட்டுமே 2021-ல் 70 லட்சம் டன்னுக்கு மேல், அதாவது நாளொன்றுக்கு 19,000 டன்னுக்குக் குறையாமல் எரித்தது. அறுவை மில்களின் மரத்தூளைத் துடைத்து வழித்தாலும் இந்தப் பசிக்குப் போதாது என்பதால் முழு மரங்களும் ஆலைகளுக்குள் வரத் தொடங்கின.

இனி அந்தக் கணக்கு. பன்னாட்டுக் காலநிலைக் குழுவான ஐபிசிசி வகுத்த கணக்கீட்டு வழிகாட்டுதல்கள் தரும் இயல்புநிலை மதிப்புகளின்படி, ஒரு டெராஜூல் வெப்பத்துக்கு மரம் வெளிவிடும் கரியமில வாயு 112 டன். நடுத்தரமான நிலக்கரி வெளிவிடுவது 94.6 டன், இயற்கை எரிவாயு 56.1 டன். புகைபோக்கியின் வாயில் நின்று அளந்தால் மரம் நிலக்கரியைவிட மோசமானது என்பதில் கருத்து வேறுபாட்டுக்கே இடமில்லை. ஆயினும் மின்துறைக் கணக்கில் இந்த 112 பூஜ்யமாகப் பதிவாகிறது. மரம் வெட்டப்பட்ட கணத்திலேயே அதிலிருந்த கார்பன் காட்டை விட்டுப் போய்விட்டதாக, வெட்டிய நாட்டின் நிலப்பயன்பாட்டுக் கணக்கில் இழப்பு எழுதப்படுகிறது. அதையே எரித்த நாட்டின் மின்துறைக் கணக்கிலும் எழுதினால் ஒரே கார்பன் இருமுறை எண்ணப்பட்டுவிடும். ஆகவே ஓரிடத்தில் எழுது, மற்றோரிடத்தில் விட்டுவிடு என்பது விதி. இதில் தர்க்கப் பிழை ஏதுமில்லை. உலகம் முழுவதையும் ஒரே பேரேட்டில் கூட்டிப்பார்ப்பதற்காக வகுக்கப்பட்ட விதி இது.

சிக்கல், பேரேட்டுக்காக எழுதப்பட்ட விதியை வரிக்கும் மானியத்துக்குமான விதியாக மாற்றியதில் தொடங்குகிறது. எரிப்பவர் வெளியேற்றம் பூஜ்யம் என்று காட்டி உமிழ்வு உரிமம் வாங்கும் செலவிலிருந்து விடுபடுகிறார், அதன் மேல் மானியமும் பெறுகிறார். வெட்டிய இடத்தின் கணக்கில் இழப்பு எழுதப்படுகிறதே ஒழிய, அதற்கு எவரும் விலை கொடுப்பதில்லை. அமெரிக்கா 1997-ன் கியோட்டோ உடன்படிக்கையில் கையெழுத்திட்டும் அதை உறுதிப்படுத்தவில்லை என்பதால், அதன் காடுகளின் இழப்பு எந்தக் கட்டாய உச்சவரம்புக்கும் உட்படவில்லை. திமோத்தி சர்ச்சிங்கரும் உடன் ஆய்வாளர்களும் 2009-லேயே ‘சயன்ஸ்’ இதழில் இந்த ஓட்டையைச் சுட்டிக்காட்டினார்கள். 2018-ல் ஏறத்தாழ 800 அறிவியலாளர்கள் ஐரோப்பிய நாடாளுமன்றத்துக்குக் கடிதம் எழுதினார்கள். எச்சரிக்கை வரவில்லை என்று எந்த அரசும் சொல்லிக்கொள்ள முடியாது.

தொழில்துறையின் பதிலையும் நேர்மையாகக் கேட்க வேண்டும். அமெரிக்காவின் தென்மாநிலங்களில் காடுகளின் பெரும்பகுதி தனியாருக்குச் சொந்தமானது. அங்கே நடப்படும் லாப்லாலி பைன் 25 முதல் 30 ஆண்டுகளில் முதிர்கிறது. நேரான, தடித்த அடிமரத்துக்குத்தான் நல்ல விலை என்பதால் அது பலகைக்குப் போகிறது, கிளையும் நுனியும் தோட்டத்தை நெருக்கம் குறைக்க வெட்டப்படும் மெல்லிய மரங்களுமே பெல்லட்டுக்கு வருகின்றன. அவற்றுக்கும் விலை கிடைத்தால்தான் நிலவுடைமையாளர் காட்டை அழித்து வேறு பயிரோ வீட்டுமனையோ போடாமல் காடாகவே வைத்திருப்பார். மேலும், அப்பகுதி முழுவதையும் சேர்த்துப் பார்த்தால் வெட்டுவதைவிட வளர்வது அதிகம் என்கிறார்கள். இவற்றில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் வளர்ச்சி அதிகம் என்ற வாதம் கேள்வியைத் தொடாமல் நழுவுகிறது. பெல்லட்டுக்காக அந்த மரத்தை வெட்டாதிருந்தால் காட்டின் கார்பன் எவ்வளவு இருந்திருக்கும் என்பதுதான் ஒப்பிட வேண்டிய அளவு. மரத்தூளை எரிக்காவிட்டாலும் அது சில ஆண்டுகளில் மக்கி அதே கார்பனை வெளியேற்றியிருக்கும் என்பதால், எரித்ததால் காற்றில் ஏறிய கார்பன் என்ற கடன் விரைவில் தீர்கிறது. நின்று வளர்ந்துகொண்டிருந்த மரத்தை எரித்தால், புதிய கன்று அதே அளவுக்கு வளர்ந்து கடனை அடைக்கப் பல பத்தாண்டுகள் ஆகும். 2050-க்குள் நிகர வெளியேற்றத்தை நிறுத்துவதாக உறுதியளித்த நாடு, 2060-லோ 2070-லோ அடையும் கடனைப் பூஜ்யம் என்று எழுதுவது கணக்கு ஆகாது.

கடனின் இன்னொரு பகுதி, ஆலைகளைச் சுற்றி வாழ்பவர்கள் மேல் விழுகிறது. மிசிசிப்பி மாநிலத்தின் குளோஸ்டர், கறுப்பின மக்கள் பெரும்பான்மையாக வாழும், ஆயிரம் பேர்கூட இல்லாத ஏழ்மையான ஊர். அங்குள்ள டிராக்ஸ் ஆலையின் உலர்த்திகளிலிருந்து எளிதில் ஆவியாகும் கரிமச் சேர்மங்கள் அனுமதித்த அளவைத் தாண்டி வெளியேறியதற்காக மாநிலச் சுற்றுச்சூழல் துறை 25 லட்சம் டாலர் அபராதம் விதித்தது. பைன் மரத்தைச் சூடாக்கும்போது எழும் அந்த ஆவியும், அரைக்கும்போது பறக்கும் நுண்தூளும், யார்க்‌ஷரின் தூய மின்சாரத்தைப் பற்றிய எந்த அறிக்கையின் முதல் பக்கத்திலும் இடம்பெறுவதில்லை.

கிழக்கு ஆசியாவிலும் இதே கதை, வேறு மரத்தோடு நடந்தது. 2012-ல் தென்கொரியா மின் நிறுவனங்களுக்குப் புதுப்பிக்கத்தக்க மின்சாரக் கட்டாய ஒதுக்கீட்டை விதித்தது. அதே ஆண்டு ஜப்பான் உறுதியளிக்கப்பட்ட கொள்முதல் விலையை அறிவித்தது. வியட்நாமின் வேலமரத் தோட்டங்களும் மரச்சாமான் பட்டறைக் கழிவும் பெல்லட்டாகி அவ்விரு நாடுகளுக்கும் கப்பலேறின, வியட்நாம் அமெரிக்காவுக்கு அடுத்த பெரிய ஏற்றுமதி நாடாயிற்று. 2024 டிசம்பரில் தென்கொரிய அரசே பின்வாங்கி, புதிய நிலையங்களுக்கு ஆதரவை நிறுத்துவதாகவும் பழையவற்றுக்குப் படிப்படியாகக் குறைப்பதாகவும் அறிவித்தது.

மானியத்தின் மேல் நிற்கும் தொழில் எவ்வளவு மெல்லிய தரையில் நிற்கிறது என்பதற்கு என்விவா நிறுவனம் சான்று. உலகின் மிகப் பெரிய பெல்லட் உற்பத்தியாளராக விளங்கிய இந்த அமெரிக்க நிறுவனம், பல ஆண்டுகளுக்கு முன்கூட்டியே விலை பேசிய ஒப்பந்தங்களுக்கும் ஏறிக்கொண்டே போன உற்பத்திச் செலவுக்கும் இடையில் நசுங்கி, 2024 மார்ச்சில் திவால் பாதுகாப்பு கோரி நீதிமன்றம் சென்றது. கடனைச் சீரமைத்துக்கொண்டு அந்த ஆண்டின் இறுதியில்தான் வெளியே வந்தது.

டிராக்ஸுக்கும் கேள்விகள் குறையவில்லை. கனடாவிலிருந்து வந்த மரத்தின் வகைகளைப் பற்றிய தரவுகளைச் சரிவர அளிக்காததற்காக, பிரிட்டனின் மின்துறை ஒழுங்காற்று அமைப்பான ஆஃப்ஜெம் நடத்திய விசாரணையின் முடிவில், 2024 ஆகஸ்டில் இரண்டரைக் கோடி பவுண்டு செலுத்த அந்நிறுவனம் ஒப்புக்கொண்டது. தவறான தகவல் வேண்டுமென்றே தரப்பட்டதற்கான சான்று இல்லை என்றும் அந்த அமைப்பு குறிப்பிட்டது. இவற்றையெல்லாம் விடப் பெரிய குறை, பௌதிகத்தில் இருக்கிறது: மின்சாரம் மட்டுமே தயாரிக்கும் டிராக்ஸில் மரத்தின் வெப்பத்தில் ஐந்தில் மூன்று பங்குக்கு மேல் குளிர்விப்புக் கோபுரங்களின் வழியே வானத்துக்குப் போய்விடுகிறது, கோபன்ஹேகனுக்கு அருகே உள்ள ஆவதோரே நிலையமோ மின்சாரம் எடுத்த பிறகு மிஞ்சும் வெப்பத்தைக் குழாய்களில் வீடுகளுக்கு அனுப்புவதால், அதே பெல்லட்டிலிருந்து 80 சதவீதத்துக்கும் மேல் பயன் பெறுகிறது. 2023-ல் திருத்தப்பட்ட ஐரோப்பிய ஒன்றிய ஆணை, காட்டு மரத்தைக் கொண்டு மின்சாரம் மட்டும் தயாரிக்கும் நிலையங்களுக்குச் சில விதிவிலக்குகள் நீங்கலாக ஆதரவை மறுத்ததும், பலகைக்கு ஏற்ற அடிமரத்தை எரிக்க மானியம் கூடாது என்றதும் இந்த வேறுபாட்டைக் காலம் கடந்தேனும் ஒப்புக்கொண்டவை. 2027 மார்ச்சில் பழைய மானியம் முடிவதை ஒட்டி, பிரிட்டிஷ் அரசு 2025 பிப்ரவரியில் அறிவித்த புதிய ஏற்பாட்டின்படி, டிராக்ஸ் 2031 வரை தன் முழுத் திறனில் 27 சதவீத அளவுக்கே இயங்கலாம், மானியமும் ஏறத்தாழ பாதியாகும். காற்றும் வெயிலும் குறையும் நேரத்துக்கு மட்டும் பெல்லட் என்பது, பத்தாண்டுகளுக்கு முன்பே எடுத்திருக்க வேண்டிய முடிவு.

இந்தியாவும் இந்தச் சந்தைக்கு வெளியே இல்லை. நிலக்கரியோடு ஐந்து சதவீதம் உயிரிப்பொருள் பெல்லட்டைச் சேர்த்து எரிக்க வேண்டும் என்று மத்திய மின்துறை அமைச்சகம் 2021 அக்டோபரில் அனல்மின் நிலையங்களுக்கு உத்தரவிட்டது. ஆனால் இங்கே முதன்மையாக எரிக்கப்பட வேண்டியது மரமன்று. பஞ்சாபிலும் அரியானாவிலும் அறுவடை முடிந்ததும் வயலிலேயே கொளுத்தப்படும் நெல் வைக்கோல். ஒரே பருவத்தில் வளர்ந்து ஒரே பருவத்தில் அழியும் அந்தப் பயிருக்கான கார்பன் கணக்கு, முப்பதாண்டு பைன் மரத்தின் கணக்கிலிருந்து முற்றிலும் வேறானது. விதி வந்தும் நிலையங்களுக்கு வைக்கோல் பெல்லட் போதிய அளவு வந்துசேராத காரணங்கள் அடுத்த இதழில்.

(தொடரும்)