பெர்னான் கோமெஸும் ஐம்பது வருஷம் காத்திருந்த படமும்

ஸ்பானிஷ் சினிமாவில் பெர்னாண்டோ பெர்னான் கோமெஸ் (1921–2007) செய்யாத வேலை குறைவு. நடிகர், இயக்குநர், திரைக்கதை ஆசிரியர். கூடவே நாவல், நாடகம். ஒரே ஆள் எதற்கு இத்தனை வேலை பார்த்தார்?

அம்மா நாடக நடிகை. ஊர் ஊராக நாடகம் போடப் போன பயணத்தில், பெரு நாட்டு லிமாவில் பிறந்தவர் இவர். வளர்ந்தது மாட்ரிட்டில். நடிகராகப் பெயர் வாங்கியபின் இயக்கத்துக்கு வந்தார்.

1963இல் ‘எல் முந்தோ சிகே’ எடுத்தார். ஒருத்தியை ஒருத்தி வெறுக்கும் அக்கா தங்கை, வறுமை, சூதாட்டக் கணவன். அந்தக் கணவனும் இவர்தான். பிராங்கோ ஆட்சித் தணிக்கை இதை விடுமா? 1965இல் பில்பாவோவில் பேருக்கு வெளியானதோடு சரி. மறுபடி முறையாகத் தியேட்டருக்கு வந்தது 2015இல். அதைப் பார்க்க அவர் இல்லை.

இடையில் என்ன செய்தார்? நடித்தார். 1973இல் ‘எல் எஸ்பிரிட்டு தே லா கோல்மேனா’வில் தேனீ வளர்க்கும் அப்பா. பிறகு, ஊர் சுற்றும் நாடகக்காரர்களை சினிமா ஓரங்கட்டும் கதையை வானொலித் தொடராக எழுதி, நாவலாக்கி, 1986இல் படமாகவும் எடுத்தார். அம்மா பார்த்த தொழில்தானே! 1987இல் முதல் கோயா விருது விழா: அந்தப் படத்துக்குச் சிறந்த படம், இயக்கம், திரைக்கதை, வேறொரு படத்துக்குச் சிறந்த நடிகர். ஜெயித்தவர் விழாவுக்கே போகவில்லை!

என் கணிப்பு இது: பல வேலை தெரிந்தது அவருக்குப் பெருமைக்கான விஷயம் இல்லை. ஒன்றைத் தடுத்தாலும் இன்னொன்றில் பிழைத்துக்கொள்ள அதுதான் வழி.