சக்கரத்தில் காற்று இருக்கிறதா?

எங்கள் மதரஸாவில் காலை வேளையில் சிறு பிள்ளைகளுக்கு ஓதிக் கொடுக்க உதவி வந்த பதினோராம் வகுப்பு மாணவி ஒருத்தி, திடீரெனத் தாமதமாக வரத் தொடங்கினாள். முதலில் பத்து நிமிடம். பிறகு அரைமணி நேரம். இரண்டொரு முறை நானும் கண்டித்தேன். ஒரு நாள் வாசலிலேயே நின்று தயங்கினாள்.

“சைக்கிள் மிதிக்க முடியல ஹஜ்ரத். கால் ரெண்டும் கடுக்குது. பள்ளிக்கூடம் போயும் தூங்கிடுறேன். இவ்வளவு சிரமப்பட்டுப் படிக்கணுமான்னு அத்தா கேக்குறாங்க” என்றாள்.

படிப்பே நின்றுவிடும் நிலை. நான் எழுந்து சென்று, சுவரோரம் சாய்த்து வைத்திருந்த அவளுடைய மிதிவண்டியைப் பார்த்தேன். அரசு வழங்கிய விலையில்லா மிதிவண்டி, வண்ணம்கூட மங்கவில்லை. பின்சக்கரத்தைப் பெருவிரலால் அழுத்தினேன். டயர் குழைந்து, விரல் ரிம் வரை இறங்கிற்று. வண்டி கிடைத்து ஐந்து மாதம் ஆகியும் ஒரு முறைகூட அதற்குக் காற்றடிக்கவில்லையாம். “பஞ்சர் ஆகலையே ஹஜ்ரத்” என்று வியப்போடு கேட்டாள். கண்டிப்பதற்கு முன் சக்கரத்தைப் பார்த்திருக்க வேண்டியவன் நான்தான் என்று அப்போது தோன்றியது.

மிதிவண்டி, புதுக்கோட்டை மாவட்டத்துப் பெண்களுக்கு வெறும் வாகனமன்று. 1991ஆம் ஆண்டில் இங்கே அறிவொளி இயக்கம் தொடங்கியபோது, மாவட்ட ஆட்சியராக இருந்த ஷீலா ராணி சுங்கத் அவர்கள், எழுத்தறிவோடு மிதிவண்டிப் பயிற்சியையும் இணைத்தார். பத்திரிகையாளர் பி. சாய்நாத் இந்த மாவட்டத்தைச் சுற்றிப் பார்த்து எழுதிய கட்டுரை, 1996இல் வெளிவந்த அவருடைய நூலில் இடம்பெற்றது. ஒன்றரை ஆண்டுக் காலத்தில் ஒரு லட்சத்திற்கும் அதிகமான கிராமப் பெண்கள் மிதிவண்டி ஓட்டக் கற்றதாக அதில் அவர் குறிப்பிடுகிறார். அவர்களில் நம் சமுதாயத்துச் சகோதரிகளும் இருந்தார்கள். ஊராரின் ஏச்சைப் பொருட்படுத்தாமல் ஓட்டினார்கள். அன்று ஒரு வண்டியின் விலை 1,200 ரூபாய்க்கு மேல். வாங்க இயலாதவர்கள் வாடகைக்கு எடுத்து ஓட்டினார்கள். பெண்களுக்கான வண்டிகள் கிடைக்காதபோது ஆண்கள் வண்டியையே ஓட்டினார்கள். முன்கம்பியில் குழந்தையை உட்கார வைத்துக் கொள்ளலாம் என்பதால் அதையே விரும்பியவர்களும் உண்டாம்!

நான் அப்போது சிறுவன். ஓட்டத் தெரிந்த பெண்களையும் ஒன்று மட்டும் தடுத்து நிறுத்தியதைப் பார்த்திருக்கிறேன்: காற்று. பம்பு கடைத்தெருவில் இருந்தது. அங்கே நான்கு ஆடவர்கள் பெஞ்சில் அமர்ந்து நாளிதழ் படித்துக் கொண்டிருப்பார்கள். அவர்கள் முன்னிலையில் குனிந்து பம்படிக்கக் கூச்சம். தம்பி வரட்டும், அத்தா வரட்டும் என்று வண்டி திண்ணையோரம் நாட்கணக்கில் நிற்கும். இன்றும் பல வீடுகளில் அப்படித்தான் நிற்கிறது.

டியூப்பில் ஓட்டை விழுந்தால்தான் காற்று குறையும் என்று எண்ணுவது தவறு. ரப்பரின் ஊடாகவே காற்று சிறிது சிறிதாகக் கசிந்து கொண்டிருக்கும். நிறுத்தி வைத்த வண்டியிலும் குறையும். குறைந்தால் டயர் தரையில் பரந்து அழுந்துகிறது. ஒவ்வொரு சுற்றிலும் நசுங்கி நிமிர்கிறது. மிதிப்பவரின் வலிமை அந்த நசுங்கலிலேயே வீணாகிறது. நம் சரளைச் சாலைகளில் வேறொரு கேடும் உண்டு. காற்றுக் குறைந்த சக்கரம் கல்லில் மோதும்போது, கல்லுக்கும் ரிம்முக்கும் இடையே டியூப் நசுங்கி, அருகருகே இரண்டு ஓட்டைகள் விழும். பாவம், பழியோ சீமைக்கருவேல முள்ளின் மேல் போய்ச் சேரும்! டயரின் பக்கவாட்டில் வெடிப்புகள் தோன்றுவதற்கும் இதுவே பெரும்பாலும் காரணம்.

எவ்வளவு காற்று வேண்டும் என்பதை டயரின் பக்கவாட்டிலேயே அச்சிட்டிருப்பார்கள். பி.எஸ்.ஐ. என்ற எழுத்துகளோடு உள்ள எண், சதுர அங்குலத்திற்கு இத்தனை பவுண்டு என்பதைக் குறிக்கும். அந்த எண்ணை மீறக் கூடாது. உடல் எடையின் பெரும்பகுதியைப் பின்சக்கரமே தாங்குவதால், அதற்கு முன்சக்கரத்தைவிடச் சற்றுக் கூடுதலாக வேண்டும். கேரியரில் தண்ணீர்க் குடமோ, தங்கையோ ஏறினால் சொல்லவே வேண்டாம்.

நம்மூர் வண்டிகள் பலவற்றில் வால்வுக்குள் சிறு ரப்பர்க் குழாய் ஒன்று இருக்கும். வால்டியூப் என்கிறோமே, அதுதான். காற்றை உள்ளே விட்டு, வெளியே வராமல் அடைத்துக் கொள்வது அதன் வேலை. இத்தகைய வால்வில் அளவுமானி வைத்துப் பார்த்தால் சரியான எண் கிடைக்காது. ஆகவே பெருவிரலே நமக்கு மானி. நன்றாகக் காற்றடித்த அன்று ஒரு முறை அழுத்திப் பார்த்து அந்தக் கடினத்தை நினைவில் வைத்துக் கொள்ள வேண்டும். வண்டியில் ஒருவர் அமர்ந்திருக்க, மற்றவர் பின்சக்கரத்தைக் குனிந்து பார்ப்பது இன்னும் நல்லது. தரையைத் தொடுமிடத்தில் டயர் சற்றே பிதுங்கினால் போதுமானது. சப்பையாகப் படிந்தால் காற்றுப் போதாது.

அடிக்கடி காற்று இறங்கினால், உடனே டியூப்பைக் கழற்ற வேண்டியதில்லை. வால்வின் மீது சோப்பு நீரைத் தடவுங்கள். குமிழி வந்தால், வால்டியூப்பை மாற்றினாலே போதும். கடைக்காரர்கள் விரலில் எச்சில் தொட்டு இதே சோதனையைச் செய்வார்கள். நமக்குச் சோப்பு நீரே தூய்மையானது.

வெயிலில் நிறுத்தினால் டயர் வெடிக்கும் என்ற அச்சமும் நம்மவர்களிடம் உண்டு. 30 பாகை வெப்பத்தில் 50 பவுண்டு காற்றடித்த சக்கரம், 60 பாகை வரை சூடேறினாலும் கூடுவது ஏறத்தாழ 6 பவுண்டுதான். அச்சிட்ட அளவுக்குள் காற்றடித்த நல்ல டயருக்கு அது பெரும் பாரமன்று. நூல் தெரியுமளவு தேய்ந்த டயரும், அளவு மீறி அடித்த டயருமே வெடிக்கின்றன. எனினும் நிழலில் நிறுத்துவது ரப்பருக்கு நல்லது. பெட்ரோல் நிலையத்து இயந்திரத்தில் காற்றடிப்போர் மட்டும் விட்டுவிட்டு அடிக்க வேண்டும். ஒரே மூச்சில் அடித்தால், மெல்லிய மிதிவண்டி டியூப் தாங்காது.

1888இல் பெல்பாஸ்ட் நகரில் டன்லப் என்ற கால்நடை மருத்துவர், தம் மகனுடைய மூன்று சக்கர வண்டி குலுங்காமல் ஓட வேண்டுமென்றே காற்று டயரைச் செய்தார். ஒரு தந்தையின் பரிவில் பிறந்த பொருள் அது. நம் வீட்டுத் தந்தையர் மகளுக்கு ஒரு கைப்பம்பு வாங்கித் தருவது பெரிய காரியமா? ஒட்டகத்தைக் கட்டிவிட்டுத் தவக்குல் வைக்கச் சொன்ன மார்க்கத்தைச் சேர்ந்தவர்கள் நாம்.

அந்த மாணவியின் அத்தாவிடம் இதையே சொன்னேன். மறுவாரம் பம்பு வந்தது. முதல் நாள் அவள் அடித்த காற்றில் பாதி வெளியே போயிற்று. பம்பின் வாயை வால்வில் இறுகப் பொருத்தத் தெரியவில்லை. இரண்டாம் முறை சரியாக வந்தது. இப்போது வெள்ளிக்கிழமை தோறும் காலையில் இரண்டு சக்கரத்தையும் அழுத்திப் பார்த்துவிட்டே புறப்படுகிறாள். மதரஸா வாசலில் மற்றப் பிள்ளைகளின் வண்டிகளையும் அழுத்திப் பார்க்கிறாள். பம்பை அங்கேயே வைத்துவிட்டுப் போகட்டுமா என்று சென்ற வாரம் கேட்டாள். வேண்டாம், வீட்டிலேயே இருக்கட்டும் என்றேன். மதரஸாவுக்கென்று தனியாக ஒன்று வாங்கியிருக்கிறோம்.