தேய்ந்த மலையும் தில்லி மாநகரும்

தில்லியில் மலை உண்டென்றால் தென்னாட்டார் பலர் நம்பார். ஆயினும் குடியரசுத் தலைவர் மாளிகை நிற்பது ரைசினா குன்றின்மீதே. தெற்கே பட்டி என்னும் சிற்றூரிலிருந்து வடக்கே யமுனைக் கரையிலுள்ள வசீராபாத் வரை, 'ரிட்ஜ்' எனப்படும் பாறை முகடு நகரை ஊடறுத்துச் செல்கிறது. ரைசினா அதன் ஒரு கிளையே.

இம்முகடு ஆரவல்லி மலைத்தொடரின் வட கோடியாகும். குஜராத்தில் தொடங்கும் அத்தொடர் ஏறத்தாழ 670 கிலோமீட்டர் கடந்து இங்கே முடிவுறுகிறது. அதன் உச்சியாகிய, ஆபு மலையிலுள்ள குரு சிகரத்தின் உயரம் 1,722 மீட்டர். நமது தொட்டபெட்டாவைவிட மிகத் தாழ்ந்ததே. முதுமையே இதற்குக் காரணம். இமயம் எழத் தொடங்கிச் சுமார் 5 கோடி ஆண்டுகளே ஆகின்றன. தில்லிப் பாறைகளின் வயதோ 100 கோடி ஆண்டுகளுக்கும் மேல். மழையும் காற்றும் மென்பாறைகளை அரித்துச் சென்றபின் எஞ்சி நிற்பது, மணற்கல் வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் இறுகியதால் உண்டான குவார்ட்சைட் பாறை. மணற்கல்லை உடைத்தால் பிளவு மணிகளைச் சுற்றிச் செல்லும். குவார்ட்சைட்டிலோ மணிகளையே பிளந்து செல்லும். உருப்பெருக்குக் கண்ணாடி ஒன்றிருந்தால் ஆசிரியர் இதனை மாணவர்க்கு எளிதில் காட்டலாம்.

எரிமலை உண்டா என்று மாணவர் கேட்பது இயல்பு. தில்லிக்கு மேற்கே, ஹரியானாவின் பிவானி மாவட்டத்திலுள்ள தோஷாம் குன்றில், சுமார் 75 கோடி ஆண்டுகளுக்கு முன் வெளிப்பட்ட எரிமலைக் குழம்பு இறுகிய ரயோலைட் பாறைகளைக் காணலாம். அங்கு இனி நெருப்பெழ இடமில்லை. இந்தியாவில் இன்று உயிர்ப்புடன் இருப்பது அந்தமான் கடலிலுள்ள பேரன் தீவின் எரிமலையே. நெடுங்காலம் அடங்கியிருந்த அது 1991இல் மீண்டும் கனன்றது.

முகட்டின் பாறை வெடிப்புகள் வழியே மழைநீர் இறங்கி நிலத்தடியில் சேர்கிறது. அப்பாறை சிதைந்து உண்டான 'பதர்பூர்' மணலோ நகரின் கட்டடங்களுக்குச் சென்றது. அதற்காகத் தோண்டப்பட்ட பட்டிச் சுரங்கப் பகுதி 1991இல் அசோலா வனவிலங்குச் சரணாலயத்துடன் சேர்க்கப்பட்டது. ஆழ்ந்த குழிகள் இன்றும் அங்கு உள்ளன.

2025 நவம்பரில், சுரங்கத்தொழில் குறித்த வழக்கில், சுற்றுநிலத்தினின்று 100 மீட்டரேனும் உயர்ந்தவற்றையே ஆரவல்லிக் குன்றாகக் கொள்ளும் வரையறையை உச்ச நீதிமன்றம் ஏற்றது. டிசம்பரில் அதனை நிறுத்தி வைத்தது. தேய்ந்த மலையை உயரம் கொண்டு அளப்பது நிலவியலுக்குப் பொருந்துவதன்று. ரைசினா குன்று சுற்றுநிலத்தினின்று 20 மீட்டர்கூட உயர்ந்ததில்லை.